கன்மேன் வந்தால் சோறு யார் போடுவது?

கேள்வி, 12 ஜனவரி 2025

எங்க சித்தப்பா கரூர்ப் பக்கம். கிராவல் மண் லாரிகளைப் பற்றி ஆட்சியர் ஆபீசில் நாலு மனு போட்டிருக்கிறார். போன வாரம் ராத்திரி ரெண்டு பேர் பைக்கில் வந்து, வாசலில் நின்று அவர் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டுவிட்டுப் போயிருக்கிறார்கள். வேறு ஒன்றும் செய்யவில்லை. போலீஸ் பாதுகாப்பு கேட்டால் கொடுப்பார்களா? காசு கட்ட வேண்டுமா? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.

12 ஜனவரி, இரவு

கேட்டால் கொடுப்பார்கள். எங்கள் வீட்டில் பதினோரு மாதம் ஒரு கன்மேன், அதாவது துப்பாக்கியோடு கூடவே இருக்கும் போலீஸ்காரர், இருந்தார். என் மாமனாருக்காக. காசு கட்டவில்லை, சோறு நான்தான் போட்டேன். விவரம் நாளைக்கு எழுதுகிறேன்.

13 ஜனவரி

இன்றைக்குக் காப்புக் கட்டு. பூளைப்பூ, ஆவாரை, வேப்பிலையை எல்லா மூலையிலும் செருகிவிட்டு இப்போதுதான் உட்கார்ந்தேன்.

எங்கள் தோட்டம் பல்லடத்துக்கும் காங்கயத்துக்கும் நடுவில். பக்கத்தில் ஒரு கல்குவாரி. அனுமதித்த ஆழத்தைத் தாண்டிப் போகிறது என்று மாமா மனு போட்டார். பிறகு தகவல் உரிமைச் சட்டத்தில் கேள்வி கேட்டார், பிறகு கோர்ட்டுக்குப் போனார். ஒருநாள் பொழுதோட அவர் வண்டியில் வரும்போது ஒரு டிப்பர் உரசிவிட்டுப் போனது. முழங்கை தோல் போனதோடு சரி. அன்று ராத்திரி ஒரு போன். "அடுத்த வாட்டி உரசாதுங்க" என்று மரியாதையாகச் சொன்னான். எங்கள் ஊரில் கொலை மிரட்டலுக்குக்கூட 'ங்க' உண்டு.

எஸ்.பி. ஆபீசில் மனு கொடுத்தோம். அங்கிருந்து ஸ்டேஷனுக்கு வந்தது. தனிப்பிரிவு (ரகசியமாகத் தகவல் சேகரிக்கும் போலீஸ் பிரிவு) ஏட்டு ஒருவர் வந்து கட்டுத்தரையில் நின்றபடி விசாரித்தார். அவருடைய முதல் கேள்வி: "உங்களுக்கும் அவிங்களுக்கும் ஏதாச்சும் நெலத் தகராறு இருக்குதுங்களா?" இதைக் கவனமாகக் கேட்டுக்கொள்ளுங்கள். மாமா வெகுளியாக, வண்டித்தடம் விஷயமாக பத்து வருஷத்துக்கு முன்னால் ஒரு சின்னப் பேச்சு நடந்ததைச் சொன்னார். அறிக்கையில் அது 'முன்விரோதம்' ஆகிவிட்டது. முன்விரோதம் என்று எழுதிவிட்டால், ஊர் நலனுக்காக மனு போட்டவர் என்ற கணக்கே போய்விடும். இரண்டு பக்கத்தையும் கூப்பிட்டு, சண்டை போட மாட்டோம் என்று ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) முன்னால் எழுதி வாங்குவார்கள். அப்போது அது 107-ம் பிரிவு. இப்போது புது நடைமுறைச் சட்டத்தில் 126. எண் மாறியும் ஸ்டேஷனில் இன்னும் 107 என்றுதான் சொல்கிறார்கள். அடி வாங்கியவரும் அடித்தவரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து ஒரே மாதிரி பத்திரத்தில் கையெழுத்துப் போட வேண்டும். மாமா போட்டார். எதிராளி பேனா இல்லையென்று மாமாவிடமே வாங்கிப் போட்டார்.

13 ஜனவரி, கொஞ்ச நேரம் கழித்து

சொல்ல விட்டுப்போனது: மனு கொடுத்த அன்றே சி.எஸ்.ஆர். ரசீது (புகாரை வாங்கிக்கொண்டோம் என்று ஸ்டேஷனில் தருவது) கேட்டு வாங்குங்கள். "நாளைக்கு வாங்க" என்றால் அங்கேயே உட்கார்ந்துகொள்ளுங்கள். நாங்கள் நாளைக்குப் போனோம். தேதி ஒருநாள் தள்ளி விழுந்தது. பிறகு ஹைகோர்ட்டில் அந்த ஒருநாளைப் பற்றியே அரை மணி நேரம் பேசினார்கள்.

15 ஜனவரி

பட்டிப் பொங்கல் வேலை முடிந்தது. கன்மேன் கதை கேட்டீர்களே.

ஆயுதப்படையிலிருந்து வந்தார். தூத்துக்குடிப் பக்கத்துப் பையன், ஆறடி, இருபத்தெட்டு வயசு இருக்கும். மாமா டி.வி.எஸ். எக்ஸெல் தவிர எதிலும் ஏற மாட்டார். காலையில் சொசைட்டிக்குப் பால் ஊற்றப் போகும்போது இவர் பின்னால் உட்காருவார். கால் தரையில் இழுபடும், மடியில் பால் கேன், இடுப்பில் பிஸ்டல். "அய்யனுக்குப் பால்காரன் துப்பாக்கியோட வந்திருக்கறானுங்கோ" என்று சொசைட்டியில் ஒரு மாதம் சிரித்தார்கள்.

சாப்பிடும்போது பிஸ்டலைக் கழற்றித் தட்டுக்குப் பக்கத்தில், குழல் சுவரைப் பார்த்தபடி வைப்பார். என் சின்னவன் அந்தப் பக்கம் போனால் சாப்பாட்டை விட்டுவிட்டு அதன் மேல் கை வைத்துக்கொள்வார். ஒரு தடவைகூட மறந்ததில்லை. அரிசிம்பருப்பை முதல்நாள் பார்த்துவிட்டு, "அக்கா, இது சாம்பார் சாதமா?" என்றார். வாரம் ஒருநாளாவது மீன் வேண்டும். பல்லடம் சந்தைக்குப் போய் வாங்கிவர என் வீட்டுக்காரர் பழகிக்கொண்டார்.

பாத்ரூம் வீட்டுக்குள் ஒன்றுதான். பதினோரு மாதம். இதை எந்த உத்தரவிலும் எழுதுவதில்லை. மாமா ஆண். தனியாக இருக்கும் ஒரு பெண்ணுக்கு இப்படி ஓர் ஆளை வீட்டோடு அனுப்பினால் என்ன செய்வாள்?

16 ஜனவரி

போலீஸ்காரரைக் கிண்டல் செய்கிறேன் என்று ஒருவர் கோபப்பட்டிருக்கிறார். இல்லைங்க. எங்கள் கன்மேன் கல்யாணத்துக்குத் திருச்செந்தூர் வரை போய் மொய் வைத்துவிட்டு வந்த குடும்பம் நாங்கள்.

20 ஜனவரி

12-ம் தேதி "கேட்டால் கொடுப்பார்கள்" என்று எழுதினேன். தப்பு. திருமயம் செய்தியைப் படித்த பிறகு அந்த வரி உறுத்துகிறது. புதுக்கோட்டை மாவட்டத்தில் குவாரிகளுக்கு எதிராக மனு போட்டுக்கொண்டிருந்த முன்னாள் கவுன்சிலர் ஒருவர், 17-ம் தேதி தொழுகை முடிந்து வண்டியில் வரும்போது டிப்பர் மோதிச் செத்திருக்கிறார். முதலில் விபத்து என்றுதான் பேச்சு.

எங்களுக்குக் கிடைத்த விதத்தையும் உள்ளபடி சொல்லிவிடுகிறேன். எங்கள் மனு ஐந்து மாதம் தூங்கியது. 2022 செப்டம்பர் 10-ல் உங்கள் கரூர் மாவட்டத்தில்தான், க.பரமத்தி பக்கம், குவாரியை எதிர்த்த விவசாயி ஒருவரை வண்டி ஏற்றிக் கொன்றார்கள். குவாரிக்காரர் கைதானார். பேப்பர் முழுக்க அதுதான். அதற்குப் பத்தாவது நாள் எங்கள் வாசலில் கன்மேன் நிற்கிறார். எங்கள் மனுவில் புதிதாக ஒரு எழுத்துகூடச் சேரவில்லை. அந்த மனுஷன் குடும்பத்தை எங்களுக்குத் தெரியாது. கன்மேனுக்கு முதல்நாள் இலை போடும்போது மாமா ஒரு வாய்கூடச் சாப்பிடாமல் எழுந்து போனார்.

ஆகவே, கேட்டால் கொடுப்பார்கள் என்பதை அழித்துவிடுங்கள். கேட்டு வையுங்கள். கேட்டதற்கு ரசீது இருந்தால், அவர்களுக்குப் பயம் வருகிற நாளில் உங்கள் காகிதம் மேலே வரும்.

22 ஜனவரி

சட்டத்தில் என்ன இருக்கிறது என்று இரண்டு பேர் கேட்டிருந்தார்கள். ஊழலை அம்பலப்படுத்துபவர்களைக் காக்கும் சட்டம் ஒன்று 2014 மே மாதம் ஜனாதிபதி ஒப்புதல் வாங்கியது. இன்றுவரை நடைமுறைக்கு வரவில்லை. அதை நம்பி உட்கார வேண்டாம்.

சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் என்று ஒன்று உண்டு. 2018 டிசம்பர் 5-ல் சுப்ரீம் கோர்ட் இதைச் சட்டம் மாதிரியே எல்லா மாநிலமும் பின்பற்ற வேண்டும் என்று சொன்னது. மாவட்ட நீதிபதி தலைமையில் குழு, அதில் எஸ்.பி.யும் அரசு வழக்குத் துறைத் தலைவரும் இருப்பார்கள். மிரட்டல் எவ்வளவு உண்மை என்று டி.எஸ்.பி. ஐந்து வேலை நாளில் அறிக்கை தர வேண்டும். உயிருக்கே ஆபத்து என்றால் முதல் வகை, பாதுகாப்புக்கோ பேருக்கோ சொத்துக்கோ என்றால் இரண்டாவது, தொந்தரவு அளவில் என்றால் மூன்றாவது. கன்மேன் மட்டுமில்லை, வீட்டுக்குக் கேமரா, கதவு, வேலி, ரோந்து, கோர்ட்டுக்குக் கூட்டிப்போய் வருவது, கொஞ்ச நாள் வேறு ஊரில் தங்க வைப்பது எல்லாம் அதில் இருக்கிறது. ஒரு தடவைக்கு மூன்று மாதம்.

ஆனால் இது கோர்ட் சாட்சிக்குத்தான். மனு போட்டவர் சாட்சி ஆகமாட்டார்.

23 ஜனவரி

நேற்று எழுதிய கடைசி வரி தப்பு. அவிநாசியில் வக்கீலாக இருக்கும் எங்கள் ஒறம்பரை ஒருவர் படித்துவிட்டுக் கூப்பிட்டுத் திட்டினார். "அம்மிணி, திட்டத்த முழுசாப் படிச்சியா?"

படித்தேன். குற்றம் பற்றிய தகவலோ ஆவணமோ கையில் வைத்திருக்கும் யாரும் சாட்சிதான் என்று அதிலேயே எழுதியிருக்கிறது. கோர்ட்டில் கூண்டேறியிருக்க வேண்டும் என்று இல்லை. சிக்கல் வேறு இடத்தில். குற்றம் ஏழு வருஷம் வரைக்கோ அதற்கு மேலோ தண்டனை உள்ளதாக இருக்க வேண்டும். கனிமச் சட்டத்தில் திருட்டுக் குவாரிக்கு அதிகபட்சம் ஐந்து வருஷம். மலையையே லாரியில் ஏற்றினாலும் இந்தத் திட்டத்துக்குள் வராது.

மிரட்டல் இந்தத் திட்டத்துக்குள் வரும். கொன்றுவிடுவேன் என்று மிரட்டுவது பழைய தண்டனைச் சட்டத்தில் 506(2), புதுசில் 351(3). ஏழு வருஷம் வரை. ஆக உங்கள் சித்தப்பா மண்ணைப் பற்றிப் போட்ட நாலு மனுவைவிட, வாசலில் வந்து கூப்பிட்டுவிட்டுப் போனார்களே, அதைப் பற்றி ஒரு எஃப்.ஐ.ஆர். ஆனால்தான் இந்தக் கதவு திறக்கும். வெறுமனே பெயரைக் கூப்பிட்டது கொலை மிரட்டல் ஆகுமா என்று கேட்பார்கள். அதற்கு முன்னும் பின்னும் வந்த போன், லாரி நம்பர், தேதி எல்லாம் வரிசையாக எழுதிக் கொடுங்கள். எங்கள் வீட்டில் காலண்டர் தாளின் பின்புறம்தான் குறித்து வைப்போம். முகூர்த்த நாள் முன்னால், டிப்பர் நம்பர் பின்னால்.

25 ஜனவரி

நேற்றோடு ஒரு வருஷம். 2024 ஜனவரி 24 ராத்திரி, எங்களிடமிருந்து ரொம்பத் தூரமில்லை, காமநாயக்கன்பாளையம் பக்கம் ஒரு டிவி நிருபரை வெட்டினார்கள். யாரோ தன்னைப் பின்தொடர்கிறார்கள் என்று அவர் போலீசுக்குப் போன் செய்துகொண்டே இருந்தார். பேசிக்கொண்டிருக்கும்போதே வந்து வெட்டினார்கள். உயிர் பிழைத்தார். அந்த ஒலிப்பதிவு எங்கள் ஊர் வாட்ஸப் குரூப்பில் அன்றைக்கே வந்துவிட்டது. நான் முழுசாகக் கேட்கவில்லை. மாமா கேட்டார், தாழ்வாரத்தில் போனைக் காதில் வைத்துக்கொண்டு, இரண்டு தடவை. எங்கள் கன்மேன் அதற்கு ஐந்து மாதம் முன்பே திரும்பிப் போயிருந்தார்.

29 ஜனவரி

பேச்சு சாதி மாறிக் கல்யாணம் செய்தவர்கள் பக்கம் போய்விட்டது. சரி, இந்தச் சீமையில் பாதுகாப்பு என்று பேச ஆரம்பித்தால் அங்கே போகாமல் இருக்காது. உடுமலை பஸ் ஸ்டாண்டுக்கு எதிரில் 2016 மார்ச் 13-ல் பட்டப்பகலில் சங்கரை வெட்டிக் கொன்றதும், கூட வெட்டுப்பட்ட அவர் மனைவி கௌசல்யா பிழைத்து அதற்குப் பிறகு மேடையேறிப் பேசியதும் உங்களுக்குத் தெரியும்.

2018 மார்ச் 27-ல் சுப்ரீம் கோர்ட் இப்படிப்பட்ட ஜோடிகளுக்காக ஒவ்வொரு மாவட்டத்திலும் ஒரு தனிப் பிரிவு வேண்டும் என்றது. எஸ்.பி., சமூக நல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் மூன்று பேரும் சேர்ந்தது. 24 மணி நேர உதவி எண், தங்குவதற்குப் பாதுகாப்பு இல்லம். ஜோடிக்கு இவ்வளவும் எழுதியாயிற்று. அந்த ஜோடியைப் பஸ் ஏற்றிவிட்டவர், சாட்சிக் கையெழுத்துப் போட்டவர், ஒரு ராத்திரி தங்க இடம் கொடுத்தவர்? ஜோடி சென்னைக்கோ பெங்களூருக்கோ போய்விடும். இவர் அதே ஊரில் அதே டீக்கடையில்தான் நிற்க வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு டீச்சர் அப்படி நின்றார். அவர் கேட்டது கன்மேன் இல்லை, இடமாறுதல். அது கிடைக்கவில்லை.

இதில் இன்னொரு பழக்கமும் உண்டு. பாதுகாப்பு கேட்டால் 'அமைதிப் பேச்சுவார்த்தை' நடத்துவார்கள். 2015-ல் திருச்செங்கோட்டு எழுத்தாளர் ஒருவரை நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்தில் உட்கார வைத்து மன்னிப்பு எழுதி வாங்கினார்களே, அது. அப்படி எழுதி வாங்கியது அவரைக் கட்டுப்படுத்தாது என்று 2016 ஜூலையில் சென்னை ஹைகோர்ட் சொல்லிவிட்டது. உங்கள் சித்தப்பாவை அப்படிக் கூப்பிட்டால் இதை நினைவில் வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். டீ கொடுப்பார்கள், குடிக்கலாம். கையெழுத்து வேண்டாம்.

2 பிப்ரவரி

துப்பாக்கி லைசென்ஸ் வாங்கிவிடலாமே என்று கேட்டவருக்கு: வன்கொடுமைத் தடுப்புச் சட்ட விதிகளில் (1995), பதற்றமான பகுதியில் பட்டியல் சாதியினருக்குத் துப்பாக்கி உரிமம் வழங்கலாம் என்றே இருக்கிறது. 3-ம் விதி. படித்துப் பாருங்கள், ஆச்சரியமாக இருக்கும். நான் அப்படி வாங்கிய யாரையும் பார்த்ததில்லை. பார்த்ததெல்லாம் பண்ணையக்காரர்கள் மயில் விரட்ட வைத்திருப்பதுதான். அதையும் தேர்தல் வந்தால் ஸ்டேஷனில் ஒப்படைத்துவிட வேண்டும்.

கன்மேனை கௌரவத்துக்காக வைத்துக்கொள்கிறார்கள் என்று இன்னொருவர். உண்மைதான். 2023-ல் உளுந்தூர்பேட்டையில் ஒரு அமைப்பின் நிர்வாகி, பாதுகாப்பு வாங்குவதற்காகத் தன் வீட்டிலேயே பெட்ரோல் குண்டு போட ஆள் வைத்தார் என்று கைது செய்தார்கள். இப்படிப்பட்டவர்களால்தான் தனிப்பிரிவு ஏட்டு நம்மையும் அந்தக் கண்ணால் பார்க்கிறார். கோயமுத்தூரில் கன்மேனோடு கல்யாணத்துக்கு வருகிறவர் முதல் பந்தியில் உட்காருவார், நானே பரிமாறியிருக்கிறேன்.

6 பிப்ரவரி

இதை எழுதலாமா என்று ஒரு வாரமாக யோசனை.

கன்மேன் வந்தபிறகு மாமாவின் வேலை நின்றுபோனது. கன்மேனிடம் ஒரு நோட்டு இருக்கும். யார் வந்தார்கள், எத்தனை மணிக்கு, எங்கே போனோம் என்று அதில் எழுதி வைக்க வேண்டும். அவருடைய வேலை அது, அவரைக் குறை சொல்லவில்லை. ஆனால் குவாரிக்குள்ளிருந்து ராத்திரியில் வந்து லோடு கணக்கு சொல்லிக்கொண்டிருந்த வெடிமருந்து வேலைக்காரர் ஒருவர், இரண்டாவது வாரமே வருவதை நிறுத்திவிட்டார். கிராம அலுவலகத்திலிருந்து காகிதம் காட்டிக்கொண்டிருந்தவரும் போன் எடுக்கவில்லை. நோட்டு எங்கே போகிறது, யார் படிக்கிறார்கள் என்று அவர்களுக்குத் தெரியாது. எங்களுக்கும் தெரியாது.

ஆறாம் மாதம் மாமா, "திருப்பி அனுப்பீரலாம் கண்ணு" என்றார். அப்போதுதான் நான் பழைய செய்திகளைத் தேடிப் படித்தேன். புனேயில் 2013 ஆகஸ்டில் காலை நடைப்பயிற்சியின்போது சுட்டுக் கொல்லப்பட்ட நரேந்திர தாபோல்கர், சொந்த நாட்டில் சொந்த ஜனங்களிடமிருந்து காத்துக்கொள்ளப் போலீஸ் எதற்கு என்று பாதுகாப்பை மறுத்தவர். தார்வாடில் எம்.எம். கல்புர்கிக்குப் பாதுகாப்பு இருந்தது, வேண்டாம் என்று அவரே சொல்லி எடுக்கப்பட்டது. 2015 ஆகஸ்ட் 30 காலையில் வீட்டுக்கே வந்து சுட்டார்கள். இரண்டையும் மாமாவிடம் படித்துக் காட்டினேன். கேட்டுக்கொண்டார். "அவங்கெல்லாம் பெரிய மனுசங்க. என்னயக் கொன்னா ஒரு நாள் பேப்பரு" என்றார்.

நான் அனுப்ப விடவில்லை. அழுதேன் என்றும் சொல்லலாம். அடுத்த ஐந்து மாதம் மாமா பால் ஊற்றினார், மாட்டைப் பார்த்தார், ஒரு மனுகூட எழுதவில்லை. குவாரிக்காரர் ஆசைப்பட்டதும் அதுதானே. அரசாங்கச் செலவில் நடந்தது, சாப்பாட்டுச் செலவு மட்டும் என்னுடையது.

7 பிப்ரவரி

நேற்றைய குறிப்பை என் வீட்டுக்காரர் படித்தார். "நீ எழுதினதுல பாதிதான் நெசம்" என்றார். அப்பா மனு எழுதாமல் போனது கன்மேனால் இல்லை, பேரன் பள்ளிக்கூடம் போகும் வழியில் ஒரு டிப்பர் தினமும் நின்றது, அதனால்தான் என்கிறார். எனக்கு அந்த டிப்பர் விஷயம் இத்தனை வருஷமாகத் தெரியாது. அப்பாவும் மகனும் என்னிடம் சொல்லவில்லை.

கன்மேனுக்குத் தெரிந்திருக்கிறது. அவர்தான் இரண்டு நாள் பையனைப் பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டு வந்தாராம், உத்தரவில் இல்லாத வேலை. மூன்றாம் நாள் டிப்பர் வரவில்லை.

நேற்று எழுதியதை அழிக்கவில்லை. இதையும் சேர்த்துப் படித்துக்கொள்ளுங்கள்.

12 பிப்ரவரி

பாதுகாப்பை எப்படி எடுத்தார்கள் என்று கேட்டிருந்தீர்கள். யாரும் வந்து சொல்லவில்லை. கன்மேன் ஒருநாள் காலையில் பெட்டியைக் கட்டிவிட்டு, "அக்கா, ரிப்போர்ட் பண்ணச் சொல்லிட்டாங்க" என்றார். மிரட்டல் குறைந்துவிட்டது என்று மறு ஆய்வில் எழுதினார்களாம். ஆள் நின்றதால்தானே குறைந்தது என்று கேட்க யார் இருக்கிறார்கள்.

அதற்குப் பதிலாக வாசலில் பட்டா புத்தகம் மாட்டினார்கள். ரோந்து வருகிற போலீஸ் அதில் கையெழுத்துப் போட்டு மணி எழுத வேண்டும். இன்றைக்குப் பார்த்தேன், நாலு நாளாகக் கையெழுத்து இல்லை. ஸ்டேஷனுக்குப் போன் போட்டால் எல்லோரும் சிவன்மலைத் தேர் பந்தோபஸ்து. சரி, தைப்பூசம் முடியட்டும். ஒருநாள் மட்டும் 2.10, 2.40, 3.15 என்று மூன்று கையெழுத்து ஒரே மையில், ஒரே சாய்வில் இருந்தது. எங்கள் நாய் அன்றைக்கு ஒரு தடவைதான் குரைத்தது.

19 மார்ச்

இங்கே திரும்ப எழுத வேண்டியிருக்காது என்று நினைத்தேன். நேற்று விடியற்காலை திருநெல்வேலியில் ஓய்வுபெற்ற போலீஸ் எஸ்.ஐ. ஒருவரை, நோன்புத் தொழுகை முடித்து வரும்போது வெட்டிக் கொன்றுவிட்டார்கள். வக்பு நிலம் தொடர்பாகப் போராடியவர். என் உயிருக்கு ஆபத்து என்று முன்பே வீடியோ போட்டிருக்கிறார். போலீஸ்காரர். எந்த மேசையில் எந்தக் காகிதம் கிடக்கும் என்று தெரிந்தவர்.

மாமா அந்த வீடியோவைப் பார்த்துவிட்டு நோட்டை எடுத்தார். மனு எழுதுகிறார். தாழ்வாரத்தில் லைட் எரிகிறது.

22 மார்ச்

கேள்வி கேட்ட தம்பியிடமிருந்து தகவல்: சித்தப்பா புகாரில் 351(3) போட்டு எஃப்.ஐ.ஆர். ஆகிவிட்டது. கன்மேன் வேண்டாம் என்று சித்தி சொல்லிவிட்டார்களாம், இங்கே நான் பாத்ரூம் பற்றி எழுதியதைப் படித்துவிட்டு. வாசலுக்குக் கேமரா கேட்டிருக்கிறார்கள். இப்போதைக்குப் பட்டா புத்தகம் மாட்டுகிறோம் என்று ஸ்டேஷனில் சொன்னார்களாம். அதைக் கடையில் வாங்க வேண்டுமா என்கிறார்.

வேண்டாம் தம்பி, ஸ்டேஷனிலேயே கொடுப்பார்கள். ஆணி மட்டும் நீங்கள் அடிக்க வேண்டும். தாழ்வாரத்துக்கு உள்பக்கமாகப் பார்த்து அடியுங்கள். எங்களுடையது கேட்டில் தொங்கியது, முதல் மழையிலேயே ஊறிப்போய் மூன்று மாதக் கையெழுத்தும் ஒரே நீலமாக ஆகிவிட்டது.